நோமாவுக்கு அரைத்த கரி

சிரட்டைக்கரியை மை போல அரைப்பது லேசுப்பட்ட வேலையில்லை. எண்ணெயை முதலிலேயே ஊற்றிவிட்டால் கட்டி கட்டியாக நிற்கும். ஊற்றாமல் அரைத்தால் தூள் பறந்து மூக்கிலும் தொண்டையிலும் போய் அடைக்கும். ராஜையா பாறமடையின் உலைக் கொட்டகையில் குந்தியிருந்து, தட்டையான ஒரு கல்லின் மேல் கரியைக் கொட்டி, உருண்டைக் கல்லால் இழுத்து இழுத்து அரைத்துக்கொண்டிருந்தான். ஓண லீவு. மடையில் ஆள் கிடையாது. மற்ற நாளில் இந்நேரம் துருத்தி ஊதி, முனை மழுங்கிய உளிகளைச் சிவக்கக் காய்ச்சி, அடித்துக் கூராக்கித் தண்ணீரில் முக்கிக்கொண்டிருப்பான். நாற்பது பேர் கல் உடைக்கிற மடையில் உளி அடித்துக் கொடுக்கிறவன் அவன் ஒருத்தன்தான். விரல் இடுக்கிலும் நகக்கண்ணிலும் ஏறிய கரி எந்தச் சோப்புக்கும் போனதில்லை. இன்றைக்குத்தான் அந்தக் கரிக்கு வேறொரு உபயோகம் வந்திருந்தது.

மகள் நாடகத்தில் நடிக்கிறாள். ஊர் கிளப்பின் ஓண விழாவில், பள்ளிக்கூட மைதானத்தில், மைக் வைத்து, திரை கட்டி.

நாடகம் வாத்தியார் மோகனன் சார் எழுதியது. தென்னாப்பிரிக்காவில் கறுத்தவர்கள் முதல்முறையாக ஓட்டுப் போட்ட வருஷம் அது. பத்திரிகையில் வந்த படத்தை வெட்டி சார் வாசகசாலைச் சுவரில் ஒட்டியிருந்தார். வெயிலில் பாம்பு போல வளைந்து நிற்கிற வரிசை. ராஜையா அதைப் பார்த்துவிட்டு, “இது நம்ம ரேசன் கடை மாதிரியாக்கும் இருக்கு சாரே” என்றான். சார் சிரிக்கவில்லை. அந்த வரிசையில் நிற்பதற்காக எத்தனை பேர் செத்தார்கள் என்று விளக்கினார். சொல்லும்போது சாரின் கண் கலங்கியது. நல்ல மனுஷன். ஒருமுறை கல்சில்லு தெறித்து ராஜையாவின் கண்ணில் பட்டபோது, மடை முதலாளி ஜீப்பை வெளியே எடுக்க யோசித்துக்கொண்டு நின்ற நேரத்தில், தன் ஸ்கூட்டரில் பின்னால் உட்காரவைத்து நெய்யாற்றின்கரை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனவர் அவர். மகள் ஜோஸ்மிக்கு வீட்டில் வைத்து டியூஷன் சொல்லிக்கொடுக்கிறார். காசு வாங்குவதில்லை. இத்தனையும் ராஜையாவின் மனதில் எப்போதும் உண்டு. சார் எதிரே வந்தால் மடித்துக் கட்டிய கைலி தானாகவே கீழே இறங்கும்.

நாடகத்தில் ஒரு சுரங்கம் வருகிறது. அதில் வேலை செய்கிற ஒரு கறுத்தவனும் அவன் மகளும். மகளின் பெயர் நோமா. அப்பனுக்குக் குடிதண்ணீர் கொண்டுபோகிற பிள்ளை. வெள்ளைக்காரக் கங்காணி அப்பனைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதே இல்லை. கறுத்தவர்களை ஏசுகிற ‘காப்பிரி’ என்ற சொல்லால்தான் கூப்பிடுவான். கடைசியில் அப்பன் சுரங்கம் இடிந்து சாகிறான். கங்காணி, “அந்தக் காப்பிரியின் குட்டி எங்கே?” என்று கேட்கும்போது நோமா முன்னால் வந்து, “எனிக்கும் ஒரு பேருண்டு” என்கிறாள். அதோடு திரை.

இதையெல்லாம் ராஜையாவுக்குச் சொன்னது ஜோஸ்மிதான். ஏழாம் வகுப்பு. மலையாளத்தில் படிக்கிறவள். டியூஷன் முடிந்து சார் வீட்டு முற்றத்தில் ஒத்திகை நடக்கும். முடிந்து வந்ததும் அடுப்பின் முன் நின்று எல்லார் வசனத்தையும் சொல்லுவாள். கங்காணிக்குக் குரலைத் தடிமனாக்குவாள். அப்பன் சாகிற இடத்தில் சோற்றுப் பானையைப் பிணம்போலப் பார்ப்பாள். தாய் ஓமனா பகல் முழுக்க ஜல்லி சுமந்துவிட்டு வந்து, கையில் அகப்பையோடு அப்படியே நின்று கேட்பாள். “எனக்கும் ஒரு பேரு உண்டு” என்று ஜோஸ்மி அதை வீட்டுப் பேச்சில் மாற்றிச் சொல்லும்போது ஓமனாவுக்குக் கண் நிறைந்துவிடும். “பொட்டி, சோறு அடி பிடிச்சுது பாரு” என்று மகளையே திட்டுவாள்.

“நீதானே நோமா?” என்று ராஜையா ஒரு நாள் கேட்டான்.

“ஆமாப்பா. நாந்தான் நிக்கேன்.”

நிற்கிறாள் என்றால் என்ன அர்த்தம் என்று அவன் கேட்கவில்லை. அவளும் சொல்லவில்லை. பேங்க் மானேஜரின் மகள் அமிர்தா நெய்யாற்றின்கரையில் டான்ஸ் கிளாஸுக்குப் போகிறாள். அவள் வருகிறவரைக்கும் நீ அந்த இடத்தில் நின்று வசனம் சொல்லு என்று சார் முதல் நாளே சொல்லியிருந்தார். அமிர்தா பாதி நாள் வரவேயில்லை. வந்த நாளிலும் புத்தகத்தைப் பார்த்துத்தான் வாசித்தாள். தினமும் நின்றது ஜோஸ்மி. நின்று நின்று, நிற்கிற இடம் தன்னுடையதுதான் என்று ஒரு பிள்ளை நினைத்துக்கொண்டால் அதில் பொய் ஒன்றும் இல்லை.

கரி வேண்டும் என்று சார் ஆள் விட்டுச் சொன்னபோது ராஜையா மிகவும் சந்தோஷப்பட்டான். நல்ல முற்றிய சிரட்டையாகப் பொறுக்கி எரித்து, அரைத்து, துணியில் சலித்து, மறுபடி தேங்காயெண்ணெய் விட்டு இழைத்தான். விரலால் தொட்டுப் பார்த்தால் வெண்ணெய் போல இருந்தது. ஒரு பெரிய சிரட்டையில் வழித்து, வாழையிலையால் மூடி, சலவை செய்த சட்டையைப் போட்டுக்கொண்டு பள்ளிக்கூடத்துக்குப் போனான்.

வகுப்பறை ஒன்றை மேக்கப் அறையாக்கியிருந்தார்கள். பையன்கள் சட்டையில்லாமல் வரிசையாக நின்றார்கள். பெஞ்சில் கழுத்தைச் சுற்றித் துவர்த்துத் துண்டு போர்த்தி அமிர்தா உட்கார்ந்திருந்தாள். பக்கத்தில் அவள் அம்மா. ஜோஸ்மி ஓரமாக ஊக்குகளைக் கையில் வைத்துக்கொண்டு நின்றாள். அப்பனைப் பார்த்ததும் தலையைக் குனிந்துகொண்டாள். ராஜையாவுக்கு அப்போதும் விளங்கவில்லை.

“கொண்டுவந்தியா ராஜையாவே? பார்க்கட்டும்” என்று மோகனன் சார் சிரட்டையை வாங்கி விரலால் தொட்டார். “ஆஹா, இது பர்ஸ்ட் கிளாஸ்.”

ராஜையாவுக்குப் பெருமை தாங்கவில்லை. “எல்லாருக்கும் தாராளமா காணும் சாரே. எனக்க மோளுக்கு இது வேண்டாமில்லியா. அவளுக்கு தெய்வமே அடிச்சு விட்டிருக்கு” என்றான்.

எல்லோரும் சிரித்தார்கள். அமிர்தாவின் அம்மாவும் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். ராஜையாவும் சிரித்தான். சார் மட்டும் சிரிப்பை நிறுத்திவிட்டு அவன் தோளைப் பிடித்துக் கதவோரம் கொண்டுபோனார்.

“ஜோஸ்மி பறஞ்சில்லியா? அமிர்தாவாக்கும் நோமா.”

ராஜையா திரும்பி மகளின் கையிலிருந்த ஊக்குகளைப் பார்த்தான்.

“ஜோஸ்மி கொள்ளாம். நல்லா செய்வா. அதில எனக்கு சம்சயம் இல்ல. ஆனா ராத்திரி லைட்டுல அவளுக்க மொகம் தெரியாது. மொகபாவம் தெரியணும், இல்லியா? இங்க பாரு, கரி பூசின மொகத்துல கண்ணீரு விழுந்தா ஒரு வெளுத்த கோடு வரும். அது கடைசி வரிசைல இருக்கியவனுக்கும் தெரியும். அதப் பார்த்தாக்கும் ஜனம் அழணும். இந்த நாட்டுல நிறவெறின்னா என்னன்னு நாலு பேருக்கு மனசிலாகணும். அது நம்ம லட்சியம் இல்லியா?”

“ஆமா சாரே” என்றான் ராஜையா. வேறு என்ன சொல்வது. லைட்டைப் பற்றி அவனுக்கு என்ன தெரியும்.

“அவ திரைக்குப் பின்னால நிக்கட்டும். வசனம் முழுசும் அவளுக்குத்தான் தெரியும். யாராவது மறந்தா எடுத்துக் கொடுக்கணும். அதும் பெரிய வேலையாக்கும்.”

அமிர்தாவின் முகத்தில் கரி ஏறுவதை ராஜையா பார்த்துக்கொண்டு நின்றான். சாரின் விரல் நெற்றியிலிருந்து மூக்குக்கு வந்தது. வெளுப்பு கொஞ்சம் கொஞ்சமாக உள்ளே போய் மறைந்தது. தான் இழைத்த மை எவ்வளவு நன்றாகப் பிடிக்கிறது என்று ஒரு கணம் வேலைக்காரனுடைய கண்ணோடு அவன் பார்த்துவிட்டான். அதற்காக அப்புறம் தன்னையே கெட்ட வார்த்தையில் திட்டிக்கொண்டான்.

நாடகம் நன்றாகத்தான் இருந்தது. அதை இல்லையென்று சொல்ல முடியாது. கங்காணி ‘காப்பிரி’ என்று கத்தியபோதெல்லாம் கூட்டம் சீறியது. அப்பன் செத்தபோது பெண்கள் முந்தானையால் மூக்கைத் துடைத்தார்கள். அமிர்தாவின் கன்னத்தில் சார் சொன்ன கோடு உண்மையாகவே வந்தது. கறுப்புக்கு நடுவில் நூல் பிடித்ததுபோல வெள்ளையாக ஒரு வழி. அதைப் பார்த்ததும் மைதானமே ஒரு பெருமூச்சு விட்டது. கடைசிக் கட்டம். கங்காணி கேட்டாயிற்று. அமிர்தா முன்னால் வந்து வாயைத் திறந்தாள். வசனம் வரவில்லை. மறந்துவிட்டாள். கூட்டம் காத்திருந்தது.

திரைக்குப் பின்னாலிருந்து குரல் வந்தது. “எனிக்கும் ஒரு பேருண்டு.”

மெதுவாக எடுத்துக் கொடுக்கிற குரல் அல்ல அது. மைக் வாங்கிக்கொள்கிற அளவுக்கு இருந்தது. அமிர்தாவின் வாய் திறந்தபடி இருக்க, எங்கிருந்தோ யாரோ சொன்னது போல அந்த வார்த்தை மைதானத்தின் மேல் போயிற்று.  அப்புறம் கைதட்டினார்கள். முடியவேயில்லை. அடுத்து பேச வந்த பஞ்சாயத்து மெம்பர், ஒரு ஜனத்தின் குரலையே திரைக்குப் பின்னாலிருந்து ஒலிக்கவைத்த உத்தியை எப்படிப் புகழ்வது என்று தெரியவில்லை என்றார். மோகனன் சார் கையெடுத்துக் கும்பிட்டார். அமிர்தாவுக்குக் கோப்பை கொடுத்தார்கள்.

வீட்டுக்கு நடந்துவரும்போது ஜோஸ்மி முன்னால் போய்க்கொண்டிருந்தாள். ஓமனா ராஜையாவின் பக்கத்தில் வந்தாள். மேக்கப் அறையில் நடந்ததை யாரோ அவளிடம் சொல்லியிருந்தார்கள்.

“நீங்க என்னத்துக்கு சிரிச்சிய?”

“எல்லாரும் சிரிச்சாவ.”

“எல்லாரும் சிரிப்பாவ. அவியளுக்க மோளா அது?”

 முன்னால் போகிற மகளின் முதுகு இருட்டில் தெரியவில்லை. வெள்ளை ரிப்பன் மட்டும் தெரிந்தது.

ஓணம் கழிந்து மடை திறந்த அன்று கல் உடைக்கிற வேலாயுதன் உலைக் கொட்டகைக்கு உளிகளைக் கொண்டுவந்து போட்டுவிட்டு, பீடி பற்றவைத்து உட்கார்ந்தான். ராஜையா அந்த மடைக்கு வந்த நாள் முதல் கூட இருக்கிறவன். ஒரே பாத்திரத்தில் கஞ்சி குடித்திருக்கிறார்கள்.

“நான் அழுதுபோட்டேன் கேட்டியா? எனக்க பெண்ணும்பிள்ள ராத்திரி சோறு திங்கல்ல. என்ன மனுசம்மாருடே அந்த வெள்ளக்காரம்மாரு? ஒருத்தனப் பேரு சொல்லி விளிச்சா நாக்கு அழுகியா போவும்? காப்பிரி, காப்பிரின்னு. எனக்கு எந்திரிச்சுப் போயி அவனுக்க செவுட்டுல ஒண்ணு வைக்கத் தோணிச்சு.”

“ஆமா” என்றான் ராஜையா.

“அப்ப செரி.” வேலாயுதன் பீடியைத் தேய்த்து அணைத்துவிட்டு எழுந்தான். “பாண்டி, அந்த நீட்டு உளிய மொதல்ல அடிச்சுத் தா. வெடிக்குழி போடணும்.”

மடையில் எல்லோருக்கும் அவன் பாண்டிதான். எல்லைக்கு அந்தப் பக்கம், தமிழ்நாட்டிலிருந்து வந்தவன், கறுப்பன், தமிழ் பேசுகிறவன். பதினைந்து நிமிட பஸ் தூரத்தில் இருக்கிறது அவன் பிறந்த ஊர். ஆனாலும் பாண்டி. வேலாயுதனே தமிழ்தான் பேசுகிறான். அது கணக்கில் வராது. அவன் எந்தத் துவேஷமும் இல்லாமல்தான் கூப்பிட்டான், பல வருஷமாக அப்படித்தான். ராஜையாவும் பல வருஷமாக, “ந்தா வாறேன்” என்றுதான் சொல்லுவான். அன்றும் சொன்னான். சொல்லிவிட்டு, துருத்தியை ஊதாமல் கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்தான். உலை அணையப் பார்த்தது.

பள்ளிக்கூடத்தில் வேறு மாதிரி ஆரம்பித்தது. அதுவரை ஜோஸ்மியைப் பாண்டிக்குட்டி என்று சில பையன்கள் சொல்லுவார்கள். நாடகத்துக்குப் பிறகு அதை யாரும் சொல்லவில்லை. அது தப்பு என்று நாடகத்தில் பார்த்துவிட்டார்களே. நோமா என்றார்கள். முதல் நாள் அவளுக்கே அது பிடித்திருந்தது. திரைக்குப் பின்னால் நின்றவள் யார் என்று இவர்களுக்குத் தெரிந்திருக்கிறது என்று நினைத்தாள். அப்புறம்தான் கவனித்தாள்: கோப்பை வாங்கிய அமிர்தாவை எல்லோரும் அமிர்தா என்றுதான் கூப்பிடுகிறார்கள். அவள் கரியைக் கழுவிவிட்டாள்.

கடையில் சாமான் வாங்கப் போனால், “நோமாவுக்கு எந்து வேணம்?” என்று கடைக்காரர் கேட்பார். கேலி இல்லை, ஒரு வாத்சல்யம்தான். சில பெண்கள் அவளைப் பார்த்து, “பாவம், அந்த நோமாக் குட்டி” என்று அதிகமாக ஒரு முறுக்கைக் கையில் திணித்தார்கள். வகுப்பில் டீச்சர் ஒருநாள் வருகைப் பதிவு எடுக்கும்போது ஜோஸ்மி என்றார். பின்வரிசையிலிருந்து யாரோ, “நோமா டீச்சரே” என்று திருத்தினார்கள். டீச்சரும் சிரித்துவிட்டார். மோகனன் சாரிடம் போய்ச் சொன்னால் சரியாகும் என்று ராஜையா நினைத்தான். டியூஷனுக்கு மகளோடு கூடவே போனான். முற்றத்தில் கால் வைத்ததும் சார் முகம் மலர்ந்து, “வா வா, நம்ம ஒறிஜினல் நோமா வந்தாச்சு” என்றார்.

ராஜையா சும்மா வந்ததாகச் சொல்லிவிட்டுத் திரும்பினான்.

அடுப்பின் முன்னால் இப்போது யாரும் வசனம் சொல்லுவதில்லை. ஜோஸ்மி வந்தாள், தின்றாள், படித்தாள், படுத்தாள். ஒரு தடவை ஓமனா பின்வாசலில் நின்று, “ஜோஸ்மி, எடியே ஜோஸ்மி” என்று தொண்டை கிழியக் கூப்பிட்டாள். பின்பக்கம் கிணற்றடியில் இருந்தவள் திரும்பவில்லை. வம்புக்கல்ல. அந்தப் பெயர் காதில் விழவில்லை. பக்கத்து வீட்டுப் பிள்ளை, “நோமா, நினக்க அம்ம விளிக்கியா” என்றதும் திரும்பினாள். ஓமனா அன்று துணி துவைக்கிற கல்லில் உட்கார்ந்துவிட்டாள்.

சில வாரம் கழிந்து ஒரு ஞாயிற்றுக்கிழமை, வேதக்கோயிலில் ஆராதனை முடிந்து வந்து சட்டையைக் கழற்றும்போது வெளியே ஸ்கூட்டர் சத்தம் கேட்டது. மோகனன் சார். உதியன்குளங்கரையில் ஒரு கிளப்பின் ஆண்டுவிழாவுக்கு நாடகத்தைக் கூப்பிட்டிருக்கிறார்கள். இன்று சாயங்காலம். பெரிய கூட்டம் வரும். ஆனால் அமிர்தா வரமாட்டாள். கரி பூசினதில் கன்னம் முழுக்கத் தடித்துக் கொப்புளமாகி, இப்போதுதான் ஆறியிருக்கிறது. இனி அந்தக் கரி மகளின் முகத்தில் படக்கூடாது என்று அவள் அம்மா சொல்லிவிட்டாள்.

“ஜோஸ்மிதான் இனி ரட்சிக்கணும்” என்றார் சார்.

ராஜையா சட்டையை மறுபடி மாட்டினான். பட்டன் துளையைத் தேடுகிற நேரத்தில் தைரியம் கொஞ்சம் சேர்ந்தது. “லைட்டுல மொகம் தெரியாதுன்னு சொன்னிய சாரே?”

“அது, ரெண்டு லைட்டு கூடுதலா வைக்கச் சொல்லியிருக்கு. பிரச்சினை இல்ல.”

உள்ளே பாத்திரம் ஒன்று பலமாக வைக்கப்படுகிற சத்தம் கேட்டது. ஓமனா.

ரெண்டு லைட்டு. ராஜையா மனதில் அதை உருட்டிப் பார்த்தான். கோபம் வரும் என்று நினைத்தான். வரவில்லை. ஆஸ்பத்திரிக்குப் போன ஸ்கூட்டர் அதோ நிற்கிறது. கோபப்பட்டால் என்ன ஆகும் என்று தெரியும், ஒன்றும் ஆகாது. சாருக்கு மனசு நோகும். தப்பு எங்கே என்று கேட்பார். எங்கே என்று இவனுக்குச் சொல்லத் தெரியாது.

“இன்னொண்ணு. கொஞ்சம் கரி அரைச்சு வை. மிச்சம் உண்டா?”

“மத்த பிள்ளையளுக்கா சாரே?”

“எல்லாருக்கும்தான். இவளுக்கும். மத்தவங்க எல்லாம் பூசியிருக்கும்போ இவ மட்டும் வெறும் மொகத்தோட நின்னா சரியா வராது. இவளுக்க நெறம் நாட்டுக் கறுப்பில்லியா? நோமா மினுங்கணும். ஜனம் ஓண நாடகத்து போட்டோவுல எல்லாம் பார்த்தாச்சு, அந்த நோமா மாதிரியே இருக்கணும். நாலு மணிக்கு ஜீப்பு வரும். இங்க வச்சே பூசி விட்டுரு, அங்க போனா நேரம் காணாது.”

சார் ஸ்கூட்டரைக் கிளப்பிப் போனார். ஜோஸ்மி கதவு நிலையில் சாய்ந்து எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டுதான் நின்றாள்.

“அவ போவாண்டாம்” என்றாள் ஓமனா. “நான் சொல்லுதேன். போவாண்டாம்.”

“மக்கா, நீ சொல்லு” என்றான் ராஜையா. “இஷ்டமில்லேண்ணா அப்பன் போயி சார்ட்ட சொல்லிக்கிடுதேன். காய்ச்சல்ணு சொல்லுதேன்.”

ஜோஸ்மி அவனைப் பார்த்தாள். அழவில்லை, கோபிக்கவுமில்லை. அடுப்புக்கு விறகு இருக்கிறதா என்று கேட்டால் எப்படிப் பதில் சொல்லுவாளோ அப்படிச் சொன்னாள். “நான் போவாம வேற யாரு போவா? நாந்தானே நோமா.”

மிச்சம் வைத்த சிரட்டை பரணில் இருந்தது. மேலே காய்ந்து பொருக்கு விட்டிருந்தது. ராஜையா எண்ணெய் விட்டுக் குழைத்தான். ஓமனா பூசமாட்டேன் என்று கிணற்றடிக்குப் போய்விட்டாள். மகளை முக்காலியில் உட்காரவைத்து அவனே பூசினான். சூட்டில் வெடித்த விரல். நோகும் என்று மெதுவாகத் தொட்டான். நெற்றி. மூக்கு. இமை மேல். அவள் கண்ணை மூடிக்கொண்டு முகத்தைத் தூக்கிக் கொடுத்தாள். சின்ன வயதில் குளிப்பாட்டும்போதும் இப்படித்தான் தூக்கிக் கொடுப்பாள்.

“நோவுதா மக்கா?”

“இல்ல.”

ஒரு கன்னம் முடிந்தது என்று நினைத்து மறு கன்னத்துக்குப் போனான். திரும்பிப் பார்த்தால் சந்தேகமாக இருந்தது. எது பூசின இடம், எது பூசாத இடம் என்று அவனுக்குத் தெரியவில்லை. அவள் தாடையைப் பிடித்து வாசல் வெளிச்சத்துக்குத் திருப்பினான். அப்போதும் தெரியவில்லை. எண்ணெயின் பளபளப்பு ஒன்றுதான் வித்தியாசம்; அதுவும் வியர்வைதான் என்று சொன்னால் வியர்வைதான். உள்ளங்கையால் மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்தான். கண்ணின் ஓரத்தில் நீர் வந்து நின்றது. கரி எரிந்திருக்கும். அது உருண்டு கீழே இறங்கியது. ராஜையா கையை எடுத்துவிட்டுக் காத்திருந்தான். தாடைவரை வந்து கழுத்துக்குள் போயிற்று. கோடு ஒன்றும் விழவில்லை.

ரோட்டில் ஜீப் வந்து நின்று ஹாரன் அடித்தது. உள்ளே பையன்கள் கூச்சல் போட்டார்கள். “நோமா! எடி நோமா!”

“ஜோஸ்மி” என்றான் ராஜையா. அவளுக்கு மட்டும் கேட்கிற மாதிரி.

அவள் கண்ணைத் திறந்தாள். ரோட்டுப் பக்கம் பார்த்து, “ந்தா வாறேன்” என்று சத்தமாகச் சொன்னாள். எழுந்து ஓடினாள். தாழ்ந்த வாசல், குனிந்து திரும்பும்போது அவள் கன்னம் நிலையின் ஓரத்துச் சுவரில் உரசியது. கிறிஸ்துமஸுக்கென்று போன வருஷம் சுண்ணாம்பு அடித்த சுவர். ஜீப் கிளம்பிப் போகிற சத்தம் கேட்டது. ராஜையா சிரட்டையைக் கையில் வைத்துக்கொண்டு அந்த இடத்தையே பார்த்தான். வெள்ளையில் ஒரு பிள்ளையின் கன்னம் அகலத்துக்குக் கரி அப்பியிருந்தது. அங்கேதான் அது தெரிந்தது.